பாக்கியிருந்த ஒரு ஷாட்

என் அம்மா அந்தப் பெஞ்சில் இரண்டு முறை படுத்தாள். முதல் முறை படுத்தபோது, மூக்கில் வைத்த பஞ்சு அரிக்கிறதென்று எழுந்து உட்கார்ந்து, "தம்பி, பஞ்சு இல்லாம செத்தா ஆவாதாடா?" என்று கேட்டாள். ஒப்பாரி வைக்கத் தலையை விரித்துப் போட்டுக்கொண்டு தயாராக இருந்த பெண்கள் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். உறுமிக்காரர் மேளத்தைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். கேமராவுக்குப் பின்னாலிருந்து மாமா தலையை நீட்டினார். அவர் முகத்தில் மட்டும் சிரிப்பில்லை. "சின்னக்கா, பஞ்சு இல்லாம தூங்குற மாதிரிதான் இருக்கும். கொஞ்ச நேரம் பொறுத்துக்கக்கா" என்றார். அம்மா பஞ்சைச் சிறிதாகப் பிய்த்து, தானே மூக்கில் வைத்துக்கொண்டு, மறுபடியும் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டாள்.

மாமா அம்மாவுக்கு ஒரே தம்பி. மலேசியாவில் பகாவ் என்ற ஊருக்குப் பக்கத்தில், கித்தா என்று நாங்கள் சொல்லும் ரப்பர்த் தோட்டத்தின் தொழிலாளர் லயத்தில் பிறந்து, கோலாலம்பூருக்குப் போய், தொலைக்காட்சி நாடகம் எடுக்கும் ஒரு கம்பெனியில் விளக்குத் தூக்க ஆரம்பித்தவர். அப்புறம் கேமரா உதவியாளர், அப்புறம் கேமராமேன். பொங்கலுக்கும் தீபாவளிக்கும் ஒளிபரப்பான எத்தனையோ நாடகங்களுக்கு அவர்தான் ஒளிப்பதிவு. ஆனால் அவர் பெயர் நாடகம் முடிந்த பிறகு, கீழிருந்து மேலே ஓடும் எழுத்துகளில்தான் வரும். அம்மா டிவிக்கு ஒரு முழம் தள்ளி உட்கார்ந்துகொண்டு எல்லாரையும் அதட்டி வாயை மூட வைப்பாள். பெயர் வருகிற நேரம் பார்த்து விளம்பரம் வந்துவிடும். "இவனுங்களுக்கு என் தம்பி பேரு வந்தாதான் சோப்பு விக்கணும்" என்று திட்டிக்கொண்டே எழுந்து போவாள். மாமாவின் பெயரை நான் திரையில் முழுதாகப் படித்தது மிகக் குறைவு. தொழிலில் இருந்தவர்களைத் தவிர வேறு யாருக்கும் அவரைத் தெரியாது. அவரும் அதைப் பற்றிக் கவலைப்பட்டதாக நான் பார்த்ததில்லை.

அவர் வேலை செய்யும் விதம் எங்கள் தோட்டத்தில் பிறந்தவர்களுக்கே உரியது. கித்தா மரத்தடியில் எடுத்தால் முகமெல்லாம் பச்சையாகத் தெரியும் என்பார். அதனால் தோட்டத்துக் காட்சிகளை, மரங்கள் இலை கொட்டி நிற்கும் வாரங்களுக்கென்று தள்ளிப் போடுவார். அப்போதுதான் காட்டுக்குள் வெயில் இறங்கும். காய்ந்த இலைமேல் நடந்தால் அப்பளம் நொறுங்குவது போலச் சத்தம் கேட்கும். படம் எடுக்கும் முன் எது வெள்ளை என்று கேமராவுக்குக் காட்ட வேண்டும், அப்போதுதான் மற்ற நிறங்கள் அதற்குச் சரியாகத் தெரியும். மற்றவர்கள் இதற்கு ஒரு வெள்ளைத் தாளை நீட்டுவார்கள். மாமா எங்கள் தோட்டத்துக்கு வந்தால் கித்தா பால் வாளியைத்தான் கேட்பார். மரம் சீவிப் பால் எடுத்துவிட்டு வரும் அம்மா, வாளியைச் சாய்த்து கேமராவுக்குக் காட்டுவாள். "பாத்துக்கிட்டியா? இன்னும் வேணுமா? ஸ்டோருல நிறுக்கக் கூப்புடுறாங்கடா" என்பாள். ஆனால் வாளியைத் தூக்கிப் பிடிக்கும் கையை மட்டும்தான் அவர் எடுத்திருக்கிறார். அம்மாவின் முகத்தைப் பக்கம் கொண்டு போனால் அவள் திரும்பிக்கொள்வாள். கல்யாண வீடுகளில் அவர் கேமரா சுற்றும்போதெல்லாம் அம்மா அடுப்படியில் இருப்பாள். ஊரில் எல்லாருடைய முகத்தையும் எடுத்தவரின் அக்கா ஒரு வீடியோவிலும் இல்லை.

இன்னொரு வழக்கமும் அவரிடம் இருந்தது. நாடகத்தில் யாராவது செத்துப்போவதாக நடித்தால், காட்சி முடிந்ததும் அவரை எழுப்பி உட்கார வைத்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி ஒரு ஷாட் எடுப்பார். கேமரா ஒருவரைக் கடைசியாகப் பிணமாகப் பார்த்துவிட்டு அணையக் கூடாதாம். சென்னையிலிருந்து வந்து கோலாலம்பூரில் வேலை செய்த மூத்த கேமராமேன் ஒருவரிடமிருந்து அவருக்கு ஒட்டிக்கொண்ட பழக்கம் அது. அந்தச் சிரிப்பு எந்த நாடகத்திலும் வராது, எடிட்டிங்கில் வெட்டிப் போட்டுவிடுவார்கள். ஆனாலும் எடுக்காமல் விடமாட்டார். சிரிக்கிற ஷாட் முடிந்தால்தான் அவர் வாயிலிருந்து 'கட்' வரும். ஒரு நாடகத்தில் கழுத்து நெரிபட்டுச் செத்ததாகக் காட்டிய கோழி ஒன்று, அவிழ்த்துவிட்ட பிறகு எழுந்து ஒரு மணி அரிசி கொத்தும்வரை கேமராவை ஓட விட்டார் என்று அவரோடு வேலை செய்தவர்கள் கேலி பேசுவார்கள். "கோழியும் உசுருதானே லா" என்பார் மாமா.

வெகு காலம் மற்றவர்களின் கதையை எடுத்த பிறகு, சொந்தமாக ஒரு முழுப்படம் எடுக்க வந்தார். சின்ன டிஜிட்டல் கேமராக்கள் வந்திருந்த நேரம் அது. தோட்டத்தைவிட்டுப் போன மகன், தாயின் சாவுக்குத்தான் திரும்பி வருகிறான் என்பது கதை. கடைசியில் வரும் அந்தச் சாவு வீட்டுக் காட்சிக்காகத்தான் மாமா படமே எடுக்கிறார் என்று எங்களுக்கெல்லாம் தெரியும். தாயாக நடிக்க ஒப்புக்கொண்ட கோலாலம்பூர் நடிகை, மற்ற காட்சிகளில் முக்காட்டோடும் முதுகு காட்டியும் நன்றாகவே நடித்துக் கொடுத்தார். சாவுக் காட்சியன்று காலை, கோயில் கொட்டகையிலிருந்து தூக்கி வந்த பெஞ்சைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. தோட்டத்தில் யார் செத்தாலும் கிடத்துகிற நிஜப் பெஞ்சு அது என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். தனக்கு நேரம் சரியில்லை என்று சொல்லி வண்டியேறிவிட்டார். தோட்டத்துப் பெண்களிடம் கேட்டால், அழ எல்லாரும் தயார், படுக்க ஒருத்தியும் தயாரில்லை. அங்கங்கே இலைகள் துளிர்க்க ஆரம்பித்துவிட்டன. இன்னும் கொஞ்ச நாளில் காடு மறுபடியும் பச்சையாகிவிடும். மாமா வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். அம்மா வாளியைக் கழுவி வைத்துவிட்டு வந்து, "நான் படுக்கிறேன்டா. நீ அந்தச் சிரிக்கிற ஷாட்ட மட்டும் எடுக்க மறந்துறாத" என்றாள். அப்பா போய்ச் சில வருடம் ஆகியிருந்தது. அவளைத் தடுக்க வீட்டில் வேறு ஆளில்லை. அவர்களுக்கு மூத்தவரான, கெமாஸில் இருந்த பெரியம்மாவுக்குத் தெரிந்தால் ஒரே தாண்டவமாக இருக்கும் என்பதால், அவருக்கு மட்டும் சொல்ல வேண்டாமென்று அக்காவும் தம்பியும் பேசிக்கொண்டார்கள்.

மறுநாள் காலை காட்சியில் நான் மகளாக நடிக்க வேண்டியிருந்தது. பள்ளியில் ஐந்தாம் படிவம் முடித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருந்தேன். என்ன செய்தும் எனக்கு அழுகை வரவில்லை. அம்மாவின் மூக்கு துடிப்பதைப் பார்த்தாலே சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. மாமா பொறுமையாகத் திரும்பத் திரும்ப எடுத்தார். பந்தல், உறுமி, தலைமாட்டில் விளக்கு, எல்லாம் நிஜச் சாவுக்கு என்ன உண்டோ அதுதான். அதனால் வந்தது வினை. பத்து மணிபோல எங்கள் லயத்துக்கு வழக்கமாக வரும் ரொட்டிக்காரர் மோட்டார் சைக்கிளில் வந்தார். கேமரா பந்தலுக்கு உள்ளே தள்ளி இருந்ததால் அவர் கண்ணில் படவில்லை. பெஞ்சில் அம்மா கிடந்ததைத்தான் பார்த்தார். தினமும் அவரிடம் பேரம் பேசி வம்பிழுக்கிறவள் அவள். தொப்பியைக் கழற்றிவிட்டு, தலை குனிந்து கொஞ்ச நேரம் நின்றார். ஹாரன் அடிக்காமல் மோட்டாரைத் தள்ளிக்கொண்டே போனார். அதைப் பார்த்தவர்கள், மனுஷன் நன்றாக நடிக்கிறாரே, இவரையும் மாமா படத்தில் சேர்த்துவிட்டாரா என்று நினைத்துக்கொண்டார்கள். அவர் பகாவ் பஸ் நிலையத்தில் போய்ச் சொல்ல, அங்கிருந்த சொந்தக்காரர் ஒருவர் பெரியம்மா இருந்த கெமாஸ் ரயில்வே குவார்ட்டர்ஸுக்குப் போன் போட்டுவிட்டார்.

மத்தியானம் டாக்சி வந்து நின்றது. மாலையும் கையுமாக இறங்கிய பெரியம்மா, வழியில் நின்றவர்களைத் தள்ளிக்கொண்டு பந்தலுக்குள் ஓடி வந்தார். அப்போது கேமரா ஓடிக்கொண்டிருந்தது. "எம்மா, எந்தங்கச்சி, எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லாம போயிட்டியேடி" என்று அம்மாவின் மார்மேல் விழுந்தார். ஒரு நொடியில் எல்லாருக்கும் விளங்கிவிட்டது. ஆனாலும், காலையிலிருந்து அழுவதுபோல நடித்த பெண்கள் நிஜமாகவே அழ ஆரம்பித்துவிட்டார்கள். நானும் அழுதேன். கேமராவுக்குப் பின்னால் மாமா அசையாமல் நின்றார். அத்தனை வருடத் தொழிலில் அப்படி ஓர் அழுகை அவர் லென்சுக்கு முன்னால் வந்ததேயில்லை. அம்மாதான் தாங்க மாட்டாமல் கண்ணைத் திறந்தாள். "அக்கா, நான் சாவலக்கா" என்று எழுந்து உட்கார்ந்தாள். ஒரு மேளக்காரர் மேளத்தைப் போட்டுவிட்டு ஓடினார். பெரியம்மா அவளை மேலும் கீழும் பார்த்தார். அப்புறம் கையிலிருந்த மாலையாலேயே அம்மாவை அடிக்க ஆரம்பித்தார்.

மாமா ஓடிப் போய்க் குறுக்கே விழுந்தார். அவருக்கும் சேர்த்துக் கிடைத்தது. பிறகு பெரியம்மா அவர் கையைப் பிடித்து மாரியம்மன் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு போய், "என் அழுகைய நீ ஊருக்குக் காட்டக் கூடாது. நீயும் பாக்கக் கூடாது" என்று சூடத்தின் மேல் சத்தியம் வாங்கிக்கொண்டார். கோலாலம்பூரிலிருந்து வந்த உதவியாளர் கேமராவிலிருந்து அந்தச் சின்ன டேப்பை எடுத்து அம்மாவிடம் கொடுத்துவிட்டார். அம்மா அதைத் துணியலமாரியில் சேலைகளுக்கு அடியில் போட்டாள். பெரியம்மா இருக்கும்வரை இனிமேல் அந்தப் பெஞ்சில் அவள் படுக்கப் போவதில்லை என்று ஆகிவிட்டது. காலையில் வேறு டேப்பில் எடுத்த ஷாட்டுகளை வைத்தே மாமா ஒப்பேற்றிக்கொண்டார். அந்த அமளியில் யாருக்கும் ஒரு விஷயம் ஞாபகம் வரவில்லை. சிரிக்கிற ஷாட்டை எடுக்கவில்லை.

படம் சில ஊர்களில் சில நாட்கள் ஓடியது. சிரம்பானில் போய்ப் பார்த்தோம். இலையில்லாத காட்டுக்குள் மகன் நடந்து வரும் காட்சியில் எனக்கு மூச்சு நின்றுவிட்டது, அவ்வளவு அழகு. ஆனால் சாவு வீடு சட்டென்று முடிந்துவிட்டது. கடைசிக் காட்சியில் உயிரில்லை என்று பத்திரிகையில் ஒருவர் எழுதினார். உயிர் எங்கள் அலமாரியில் சேலைக்கு அடியில் கிடந்தது. அம்மா மட்டும் அன்று தியேட்டர் இருட்டில் என் காதருகே வந்து, "நல்லாத்தான் செத்திருக்கேன், இல்ல?" என்று கேட்டுச் சிரித்தாள்.

மறு வருடம் அம்மாவின் சிறுநீரகம் கெட்டுப்போனது. தெரிந்தபோதே முற்றியிருந்தது. மருத்துவமனைக்கும் வீட்டுக்குமாக அலைந்து, மரங்கள் இலை கொட்டத் தொடங்கியபோது போய்விட்டாள். அதே பெஞ்சு, அதே பந்தல், அதே உறுமிக்காரர். செத்த மாதிரி படுத்தாள், அதான் சாவு கூப்பிட்டுக்கொண்டது என்று வெளியே இரண்டு பேர் பேசிக்கொண்டார்கள். அது மாமாவின் காதில் விழுந்ததை நான் பார்த்தேன். எத்தனையோ சாவு வீடுகளுக்குக் கேமராவோடு போனவர் அன்று வெறுங்கையோடு வந்திருந்தார். தூக்குவதற்கு முன், எல்லாரும் வாய்க்கரிசி போட்டு முடித்த பிறகு, அம்மாவின் தலைமாட்டில் போய் மண்டியிட்டார். குனிந்து, பக்கத்தில் நின்ற எனக்கு மட்டும் கேட்கிற குரலில், "சின்னக்கா, எந்திரிக்கா. ஒரு ஷாட்டு பாக்கி இருக்குக்கா" என்றார்.

அதன் பிறகு அவர் கேமராவைத் தொடவில்லை. கம்பெனியிலிருந்து கூப்பிட்டார்கள், போகவில்லை. பகாவில் பள்ளி வேன் ஓட்டத் தொடங்கினார். கேமரா யாரையும் கொல்லாது மாமா என்று நான் சண்டை போட்டிருக்கிறேன். டாக்டர் சொன்னதையெல்லாம் எடுத்துச் சொல்லிப் பார்த்திருக்கிறேன். "தெரியும்மா" என்பார். பிறகு, வேனுக்கு டயர் மாற்ற வேண்டும் என்று பேச்சைத் திருப்பிவிடுவார். படித்த மருமகள் சொல்லும் காரணங்கள் அவர் மூளைக்கு எட்டின. அந்த விடுபட்ட ஷாட் இருந்த இடத்துக்கு எட்டவில்லை. எனக்கு அவர்மேல் கோபம் இருந்தது. அன்பு இருந்ததால் வந்த கோபம்தான். எங்கள் தோட்டத்தில் கித்தா மரங்களை வெட்டிவிட்டு, எண்ணெய் எடுக்கும் செம்பனை வைத்தார்கள். அதற்கு இலை கொட்டும் காலமே கிடையாது. லயத்துக்காரர்கள் ஊருக்கொருவராகக் கிளம்பிவிட்டோம். நான் சுங்கை காடுட்டில் ஒரு தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்து, கல்யாணமாகி, சிரம்பானில் குடியேறினேன். வீடு மாறும்போதெல்லாம் அம்மாவின் சேலைகளோடு அந்த டேப்பும் கூடவே வந்தது. சத்தியத்துக்குப் பயந்து யாரும் தொடவில்லை. அது பிணமாகக் கிடக்கும் அம்மாவும் மார்பில் அடித்துக்கொள்ளும் பெரியம்மாவும் உள்ள டேப். அதைப் பார்க்க யாருக்கு மனசு வரும்?

போன வருடம் யாரோ மாமாவின் படத்தை இணையத்தில் ஏற்றியிருந்தார்கள். என் மகள் அதைத் தேடிப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் பிறப்பதற்கு முன்பே அம்மா போய்விட்டாள். எங்களிடம் இருப்பதெல்லாம் அடையாள அட்டைக்கு எடுத்த முறைப்பான முகமும், கல்யாணப் போட்டோவில் குனிந்த தலையும்தான். "ம்மா, பாட்டி எல்லாத்துலயும் இப்படிப் படுத்துக்கிட்டேதான் இருப்பாங்களா?" என்று கேட்டாள். எங்கள் வீட்டுக்கு வந்திருந்த பெரியம்மா நாற்காலியில் சாய்ந்தபடி, "ஏன்டி, அவ எந்திரிச்சாளே. நான் மாலையால அடிக்கிறேன், அவ கெக்கேபிக்கேன்னு சிரிக்கிறா" என்றார். பிறகு அவரே கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தார். "அதெல்லாம் அந்த மெசின்ல இருக்காதா?" என்று என்னைக் கேட்டார். மாமா கேமராவை அணைத்துவிட்டுத்தான் ஓடி வந்தாராம், எத்தனையோ முறை சொல்லியிருக்கிறார் என்றேன். "அவன் எங்க அணைச்சான்? எறிஞ்சிட்டுல்ல ஓடியாந்தான்" என்றார் பெரியம்மா. "எடுத்துப் பாரு லா. சத்தியம் வாங்குனவ நான். நானே சொல்றேன்."

சிரம்பானில் பழைய டேப்புகளைக் கணினிக்கு மாற்றித் தரும் கடை ஒன்று இருந்தது. கடைக்காரர் டேப்பை முகர்ந்து பார்த்து, பூஞ்சை பிடித்திருக்கிறது, வந்தால் வரும் என்றார். சில நாள் கழித்துக் கூப்பிட்டு, கடைசிவரை வந்திருக்கிறது என்றார். நான் அங்கே திறந்து பார்க்கவில்லை. பார்த்து, அதில் ஒன்றும் இல்லையென்றால் எந்த முகத்தோடு மாமாவிடம் போவேன்? ஞாயிற்றுக்கிழமை காலை மகளையும் பெரியம்மாவையும் காரில் ஏற்றிக்கொண்டு நேரே பகாவுக்குப் போனேன். மாமா வேனைக் கழுவிக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னதும் கையைத் துடைத்துக்கொண்டே, "வேணாம்மா" என்றார். பெரியம்மா அவர் கையைப் பிடித்து, அன்றைக்குக் கோயிலுக்கு இழுத்துப் போனது மாதிரியே, உள்ளே கூட்டிப் போய் உட்கார வைத்தார்.

மேசைமேல் மடிக்கணினியைத் திறந்தேன். முதலில் அம்மா அசையாமல் கிடந்தாள். பக்கத்தில் சிரிப்பை அடக்கிக்கொண்டு இளவயது நான். பிறகு வலது பக்கமிருந்து பெரியம்மா ஓடி வந்து விழுந்தார். இவ்வளவு காலம் கழித்தும் அந்த அழுகை அறைக்குள் அப்படியே வந்து இறங்கியது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். அம்மாவின் இமை துடித்தது. ஒரு பக்கத்துப் பஞ்சு தெறித்து விழுந்தது. எழுந்து உட்கார்ந்தாள். "பாட்டி எந்திரிச்சிட்டாங்க!" என்று என் மகள் கத்தினாள். மாலை பறந்தது, யாரோ அலறினார்கள், பிறகு படம் ஆட்டம் கண்டு ஒரு பக்கமாகச் சாய்ந்தது. மாமா ஓடும்போது கால் பட்டுக் கேமரா நின்ற முக்காலி சரிந்திருக்கிறது. இங்கேதான் முடியப் போகிறது என்று நான் விரல்களை இறுக்கிக்கொண்டேன். முடியவில்லை. படம் கோணலாக நின்று ஓடிக்கொண்டே இருந்தது. திரை முழுக்க இலையில்லாத கிளைகளும் வெயிலும். கீழே ஒரு மூலையில் பெஞ்சின் பாதி, அதில் அம்மா. ஓர் ஓரமாக மாமாவின் முதுகு.

அம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பெரியம்மா அடித்துக்கொண்டே சிரிக்க ஆரம்பித்துவிட்டார். அவரை மாமா கைத்தாங்கலாக அப்பால் கூட்டிப் போவது தெரிந்தது. பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்த அம்மா மூச்சு வாங்கிக்கொண்டு எதிரே பார்த்தாள். அவள் கண் எங்கள்மேல் வந்து நின்றது. "தம்பி, மெசின்ல லைட்டு எரியுதே, ஓடுதாடா?" என்று கேட்டாள். பதில் சொல்ல அங்கே அவர் இல்லை. அவள் கொஞ்சம் யோசித்தாள். முந்தானையால் முகத்தைத் துடைத்தாள், விரித்துவிட்ட தலைமுடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கினாள். அப்புறம் மிச்சமிருந்த பஞ்சை மூக்கிலிருந்து எடுத்து எறிந்துவிட்டு, எந்தக் கேமராவுக்கும் முகம் காட்டாத என் அம்மா, நேராகப் பார்த்துச் சிரித்தாள். தம்பி எடுக்க வேண்டியிருந்த சிரிப்பு அது. அவர் மறந்தாலும் அவள் மறக்கவில்லை.

நான் மாமாவைப் பார்த்தேன். மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்திருந்தார். "ஃபோகஸ் இல்லம்மா" என்றார். "ஃப்ரேமும் கோணல்." கண்ணிலிருந்து வழிவதை அவர் துடைக்கவில்லை. பெரியம்மா அவர் முதுகைத் தடவிக்கொண்டே, "போதும்டா, எடுத்துட்டேல்ல" என்றார். மாமா தலையை ஆட்டினார். பழைய நாளில் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று செய்வதுபோல வலது கையை மெல்லத் தூக்கினார்.

"கட்."

அவர் சொன்ன பிறகும் அம்மா சிரித்துக்கொண்டுதான் இருந்தாள்.